படம் வருவதற்கு முன்பே வந்துவிடும் இசை: யோகோ கன்னோ பற்றி ஒரு நீளமான பதில்

கேட்கப்பட்ட கேள்வி இது: “கௌபாய் பிபாப் இப்போதுதான் பார்த்து முடித்தேன். ஜாஸ், ப்ளூஸ், ஓபரா மாதிரி ஏதோ ஒன்று, குழந்தைகள் பாட்டு, இதெல்லாம் ஒரே ஆள் போட்டது என்று நம்ப முடியவில்லை. அனிமேயில் படத்தைப் பார்த்துத்தான் இசை போடுவார்களா? யோகோ கன்னோ எங்கிருந்து வந்தார்? அப்புறம், ஆல்பங்களில் அடிக்கடி வரும் கேப்ரியேலா ராபின் யார்? தேடினால் ஒரு போட்டோகூடக் கிடைக்கவில்லையே?”

நல்ல கேள்விகள். தெரியாதவர்களுக்கு: அனிமே என்றால் ஜப்பானியக் கார்ட்டூன், கௌபாய் பிபாப் அப்படி ஒரு டிவி தொடர், அதற்கு இசை போட்டவர் யோகோ கன்னோ. மூன்றாவதைக் கடைசியில் வைத்துக்கொள்கிறேன், ஏனென்றால் முதல் இரண்டும் தெரிந்தால்தான் அதில் சுவாரசியம்.

முதலில் வேலை எப்படி நடக்கிறது என்று பார்ப்போம். நாம் சினிமாவில் ரீ-ரெக்கார்டிங் என்று சொல்லிப் பழகியிருக்கிறோம்: எடிட் செய்த படம் திரையில் ஓடும், இசையமைப்பாளர் பார்ப்பார், எந்த இடத்தில் தொடங்கி எந்த இடத்தில் நிறுத்துவது என்று குறித்துக்கொள்வார், வாசிப்பார்கள். ஜப்பானில் தியேட்டர் படங்களுக்கு ஏறக்குறைய இப்படித்தான். ஆனால் வாராவாரம் டிவியில் வரும் அனிமேக்குப் பெரும்பாலும் இப்படி நடப்பதில்லை, நடக்கவும் முடியாது. கணக்குப் போட்டுப் பாருங்கள். 26 எபிசோட், ஓபனிங் எண்டிங் போக ஒவ்வொன்றிலும் இருபது நிமிடத்துக்கு மேல் கதை. அதில் பாதி நேரம் இசை ஓடினாலே நான்கு மணி நேரத்துக்கு மேல் வரும். அத்தனையையும் காட்சி காட்சியாகப் பார்த்து எழுதி, ஆள் வைத்து வாசித்துப் பதிவு செய்யப் பணமும் இல்லை, நேரமும் இல்லை. அதைவிடப் பெரிய சிக்கல், பார்த்து எழுத அங்கே படமே இருக்காது. படங்கள் கடைசி நேரத்தில்தான் வந்து சேரும். குரல் கொடுக்கும் நடிகர்களே பல சமயம் வண்ணம் தீட்டாத கோட்டோவியத்தைப் பார்த்துத்தான் பேசுகிறார்கள்.

அதனால் சவுண்ட் டைரக்டர் என்று ஒருவர் நடுவில் இருப்பார். படத்தின் டைரக்டர் வேறு, இவர் வேறு. குரல், ஒலி, இசை மூன்றுக்கும் இவர்தான் பொறுப்பு. கதைச் சுருக்கத்தையும் திரைக்கதையையும் வைத்துக்கொண்டு இவர் ஒரு பட்டியல் எழுதுவார். அங்கே அதற்குப் பெயரே ‘மியூசிக் மெனு’. ஹோட்டல் மெனு மாதிரிதான் இருக்கும். எம்-1, முக்கியக் கதாபாத்திரத்தின் தீம், ஒன்றரை நிமிடம். எம்-12, பழைய நட்பை நினைத்துப் பார்ப்பது, இதமாக, சோகம் அதிகம் வேண்டாம். எம்-23, துரத்தல், வேகம், நடுவில் ஒரு இடத்தில் சட்டென்று நிற்க வேண்டும். இப்படி நாற்பது, ஐம்பது உருப்படிகள். இசையமைப்பாளர் அதைப் பார்த்து எழுதி, சில நாள் ஸ்டுடியோ எடுத்து மொத்தமாகப் பதிவு செய்து கொடுத்துவிடுவார். அதோடு அவர் வேலை பெரும்பாலும் முடிந்தது. பிறகு எபிசோட் எபிசோடாக எந்தத் துண்டை எந்தக் காட்சிக்கு வைப்பது, எங்கே வெட்டுவது என்பதெல்லாம் சவுண்ட் டைரக்டரும் அவரோடு இருக்கும் இசைத் தேர்வாளரும் செய்வது. தான் துரத்தலுக்கு என்று எழுதிய துண்டு ஒரு சமையல் காட்சிக்குப் போயிருப்பதை இசையமைப்பாளர் வீட்டில் டிவி பார்க்கும்போதுதான் தெரிந்துகொள்வார் என்பது இந்தத் தொழிலில் சகஜம்.

இன்னொன்று. ஓபனிங் பாட்டும் எண்டிங் பாட்டும் பல தொடர்களில் பின்னணி இசைக்காரர் போட்டதாக இருக்காது. அது வேறு பேரம், ஆடியோ கம்பெனி தன் பாடகரை முன்னுக்குக் கொண்டுவர வைக்கும் ஒன்றரை நிமிட இடம் அது. கன்னோவுக்கே இது நடந்திருக்கிறது. 1999-இல் இயக்குநர் டோமினோ எடுத்த டர்ன் ஏ கண்டம் என்ற அனிமே தொடரில் பின்னணி இசை முழுக்க கன்னோ, ஆனால் முதல் ஓபனிங் பாட்டு அசேய் கோபயாஷி என்ற பழைய தலைமுறை இசையமைப்பாளருடையது. அதே மாதிரி மக்ராஸ் ப்ளஸ் என்ற இன்னொரு அனிமே பார்த்தவர்கள் எல்லோரும் ‘கன்னோவின் டெக்னோ’ என்று சிலாகிக்கும் இன்ஃபர்மேஷன் ஹை பாட்டு கன்னோ எழுதியதே இல்லை, சி.எம்.ஜே.கே. என்பவர் போட்டது. யாராவது உங்களிடம் பந்தயம் கட்டினால் கட்டுங்கள்.

சரி, இப்போது கன்னோவுக்கு வருவோம்.

ஜப்பானின் வடகிழக்கில் மியாகி மாகாணத்தில் பிறந்தவர். சின்ன வயதில் சர்ச்சுக்குப் போய்வந்ததில் இசை ஒட்டிக்கொண்டது. பள்ளி நாட்களிலேயே இசையமைப்புப் போட்டிகளில் கலந்துகொண்டிருக்கிறார். ஆனால் படிக்கப் போனது இசைக் கல்லூரிக்கு இல்லை. டோக்கியோவில் வசேடா பல்கலைக்கழகம், இலக்கியம். இது முக்கியம் என்று நினைக்கிறேன். முறையாகக் கன்செர்வட்டரியில் படித்து வந்திருந்தால் ஏதோ ஒரு வகை இசைதான் தன் ‘சொந்த ஊர்’ என்ற எண்ணம் வந்திருக்கும். இவருக்கு அப்படி ஒரு ஊர் கிடையாது.

படிக்கும் காலத்திலேயே கோஎய் என்ற கம்ப்யூட்டர் விளையாட்டு நிறுவனம் இவரைப் பிடித்துக்கொண்டது. 1985-இல் வந்த மூன்று ராஜ்ஜியங்கள் விளையாட்டுக்கு இசை இவர்தான். அப்புறம் நோபுனாகாவின் லட்சியம் வரிசை, 1990-இல் கடல் பயணங்களை வைத்து வந்த அன்சார்ட்டட் வாட்டர்ஸ். அன்றைய வீட்டுக் கம்ப்யூட்டரின் ஒலிச் சில்லில் ஒரே நேரத்தில் விரல்விட்டு எண்ணும்படி சில ஸ்வரங்கள்தான் ஒலிக்கும். ஆர்க்கெஸ்ட்ரா வேண்டும் என்று மனதில் தோன்றும், கையில் இருப்பது அரை டஜன் ‘பீப்’. அந்த நிலைமையில் மெட்டு உறுதியாக இல்லாவிட்டால் ஒன்றுமே மிஞ்சாது. மேலே பூசி மறைக்க எதுவும் இல்லை. அதுவும் போர் விளையாட்டில் ஒரே துண்டு திரும்பத் திரும்ப மணிக்கணக்காக ஓடும், கேட்பவருக்குச் சலிக்கக் கூடாது. கன்னோவின் பிற்காலப் பாடல்களில் எவ்வளவு அடுக்கு இருந்தாலும் அடியில் ஒரு சாதாரண, வாய்விட்டுப் பாடக்கூடிய மெட்டு இருப்பதற்கு இந்தப் பயிற்சிதான் காரணம் என்பது என் கணிப்பு.

80களின் பின்பாதியில் டெட்சு 100% என்ற பாப் குழுவில் கீபோர்ட் வாசித்தார். பெரிதாகப் போகவில்லை, குழு கலைந்தது. அடுத்து விளம்பர இசை. இதை ஆல்பம் பட்டியலில் மட்டும் அவரைத் தேடுகிறவர்கள் தவறவிட்டுவிடுகிறார்கள், ஆனால் ஜப்பானில் சாதாரண மனிதர்கள் அவர் பெயர் தெரியாமலே அவர் இசையைக் கேட்டது இதில்தான். அங்கே டிவி விளம்பரம் என்றால் பெரும்பாலும் 15 வினாடி. இப்படி நூற்றுக்கணக்கில் செய்திருக்கிறார். திங்கட்கிழமை பிரெஞ்சுப் பாட்டு மாதிரி வேண்டும் என்பார்கள், புதன்கிழமை பல்கேரியக் கோரஸ் மாதிரி, வெள்ளிக்கிழமை ராக். முதல் இரண்டு வினாடியில் இது என்ன உலகம் என்று காதுக்குத் தெரிந்தாக வேண்டும். உங்கள் கேள்வியில் ‘ஒரே ஆள் இத்தனை வகை எப்படி’ என்று இருக்கிறதே, அதற்குப் பதில் மேதைமை என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். நான் பாதிக்கு மேல் விளம்பரத்துக்குத்தான் கொடுப்பேன். பல வருடம் யாரோ கேட்ட பாணியில், யாரோ சொன்ன நீளத்தில், மறுநாள் காலைக்குள் எழுதிக் கொடுத்த கை அது.

அனிமே உலகம் அவரைக் கவனித்தது 1994-இல், மக்ராஸ் ப்ளஸ் வழியாக. வீடியோவுக்கென்று எடுத்த நான்கு பாகத் தொடர், ஷோஜி கவமோரி இயக்கம், கூடவே ஷினிச்சிரோ வாதனாபே. கதையில் ஷாரன் ஆப்பிள் என்று ஒரு கம்ப்யூட்டர் பாடகி. ஆள் கிடையாது, ஒளியும் குரலும்தான். இன்றைக்கு அது சாதாரணம், 94-இல் யோசித்துப் பாருங்கள். அவளுக்கு என்ன மொழியில் பாட்டு, என்ன பாணி? கன்னோ போட்டது ஒரு பக்கம் யாரும் பேசாத மொழியில் மந்திரம் மாதிரி முணுமுணுப்பு, இன்னொரு பக்கம் இஸ்ரேல் பில்ஹார்மோனிக் வாசித்த முழு ஆர்க்கெஸ்ட்ரா. போர் விமானங்கள் மோதுகிற ஒரு வீடியோ தொடருக்கு இஸ்ரேல் பில்ஹார்மோனிக்! ஆடியோ கம்பெனியான விக்டரில் ஷிரோ சசாகி என்ற தயாரிப்பாளர் இவருக்குப் பின்னால் நின்றார். பிற்பாடு ஃப்ளையிங்டாக் என்ற லேபிளை நடத்தியவரும் அவரே. பின்னணி இசையைத் தனி ஆல்பமாக விற்கலாம், அதற்கென்று வாங்குகிற ஆள் இருக்கிறான் என்று நம்புகிற ஒருவர் பணம் வைத்திருக்கும் இடத்தில் உட்கார்ந்திருக்காவிட்டால் கன்னோவின் கதை வேறு மாதிரி போயிருக்கும்.

1996-இல் எஸ்கஃப்ளோனே என்ற டிவி தொடர். அப்போது கணவராக இருந்த செல்லோக் கலைஞர் ஹாஜிமே மிசோகுச்சியோடு சேர்ந்து செய்தது, வார்ஸா பில்ஹார்மோனிக் வாசித்தது. ஆங்கிலப் பட விசிறிகள் ‘டிவி கார்ட்டூனுக்கு எதற்கு இத்தனை பெரிய கோரஸ்’ என்று வாயைப் பிளந்தது இதில்தான். அந்தத் தொடரின் ஓபனிங்கைப் பாடி, கதாநாயகிக்குக் குரலும் கொடுத்தவர் மாயா சகமோட்டோ. அப்போது வயது 16. அதற்குப் பிறகு பல வருடம் அவருடைய ஆல்பங்களை கன்னோதான் தயாரித்தார், ஒரு பள்ளிப் பெண்ணின் குரல் பெரியவளின் குரலாக மாறுவதை ஆல்பம் ஆல்பமாகக் கேட்கலாம்.

இனி கௌபாய் பிபாப், 1998. நீங்கள் கேட்டது இதைத்தான் என்பதால் கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

இதன் இயக்குநர் வாதனாபே. ஆரம்பத்தில் பணம் போட்ட பொம்மைக் கம்பெனிக்கு வேண்டியிருந்தது விண்கலம்; விண்கலம் இருந்தால் போதும், மற்றபடி என்ன வேண்டுமானாலும் செய்துகொள் என்று சொல்லிவிட்டார்கள் என்று அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அவர் செய்ததைப் பார்த்ததும் இதில் எங்கே பொம்மை விற்பது என்று அவர்கள் ஒதுங்கிக்கொண்டதும் நடந்தது. டிவி டோக்கியோவில் முதல் தடவை போட்டபோது 26-இல் பாதிகூட வரவில்லை, முழுத் தொடரும் அதே வருடம் அக்டோபரில் வவ்வாவ் என்ற கட்டணச் சேனலில்தான் தொடங்கியது.

மேலே சொன்ன மெனு முறை இந்தத் தொடரில் தலைகீழாகிவிட்டது. வாதனாபே சொன்னது இது: கன்னோ கேட்டதை மட்டும் எழுதவில்லை, கேட்காததையும் எழுதிக் கொண்டுவந்து வைத்தார், அதைக் கேட்டதும் எனக்குப் புதுக் காட்சிகள் தோன்றின, அதற்காகவே காட்சிகளை உண்டாக்கினேன், அதைப் பார்த்து அவர் இன்னும் எழுதினார். ஹோட்டலில் நாம் இரண்டு இட்லி கேட்டால், சமையல்காரர் வெளியே வந்து ‘இதைச் சாப்பிட்டுப் பாருங்கள்’ என்று வேறு எதையோ வைக்கிறார், நாம் அதற்காக அன்றைய வேலையையே மாற்றிக்கொள்கிறோம், அந்த மாதிரி. படம் முன்கூட்டி இல்லாததை மற்ற இசையமைப்பாளர்கள் ஒரு குறையாகப் பொறுத்துக்கொண்டார்கள். கன்னோ, படம் இன்னும் இல்லையென்றால் அதை மாற்ற இன்னும் நேரம் இருக்கிறது என்று எடுத்துக்கொண்டார். அவர் தொழில் வாழ்க்கையை எனக்கு ஒரு வரியில் சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன்.

ஐந்தாவது எபிசோடை மறுபடி ஒருமுறை போட்டுப் பாருங்கள், ஹெட்ஃபோனோடு. கதாநாயகன் ஸ்பைக் பாழடைந்த தேவாலயத்தை நோக்கி நடக்கிறான், ஆர்கன் ஒலிக்க ஒரு பாட்டு. தொடரில் அதைப் பாடுவது நியூயார்க் ராக் பாடகர் ஸ்டீவ் கான்டி. துப்பாக்கிச் சண்டை வந்ததும் பாட்டு போய்விடுகிறது. கடைசியில் வட்டமான வண்ணக் கண்ணாடி சன்னலை உடைத்துக்கொண்டு அவன் வெளியே விழுகிறான். அந்த இடத்தில் எந்த இசையமைப்பாளரும் டிரம்ஸை உடைக்கத்தான் பார்ப்பார். இங்கே சண்டைச் சத்தமெல்லாம் அடங்கி, ஒரு சன்னமான பியானோவும் குழந்தைகள் பாடுவது போன்ற குரல்களும் தொடங்குகின்றன, அர்த்தம் பிடிபடாத சொற்களில், தாலாட்டு வேகத்தில். மனிதன் மெதுவாக விழுகிறான், பழைய நினைவுகள் துண்டு துண்டாக வந்துபோகின்றன. பாட்டின் பெயர் கிரீன் பேர்ட். கேட்டு ஐம்பது தடவைக்கு மேல் இருக்கும், இன்னும் எனக்கு அந்த இடத்தில் மூச்சு ஒரு கணம் நிற்கிறது. எம்-23, விழுதல், பரபரப்பு என்று யாராவது மெனுவில் எழுதியிருந்தால் இது வந்திருக்காது.

டாங்க் என்ற ஓபனிங் பாட்டைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள், அதனால் ஒன்றே ஒன்று. அந்த ஒன்றரை நிமிடத்தில் டபுள் பேஸும் போங்கோவும் ஓடிக்கொண்டே இருக்க, பிராஸ் கருவிகள் மொத்தமாக இடையிடையே வெட்டுகின்றன பாருங்கள், திரையில் வண்ணப் பட்டைகளும் அதே இடத்தில் வெட்டுகின்றன. ஆல்ட்டோ சாக்ஸபோன் வாசித்தது மசாட்டோ ஹோண்டா. குழுவுக்கு சீட்பெல்ட்ஸ் என்று பெயர், வாசிக்கும்போது தூக்கியெறியப்படாமல் இருக்க இவர்கள் சீட் பெல்ட் போட்டுக்கொண்டு வாசிப்பார்கள் என்று ஒரு கதையும் கட்டிவிட்டார்கள். எண்டிங் பாடும் மாய் யமானேயின் கட்டைக் குரலைத் தேர்ந்தெடுத்ததற்கே ஒரு கும்பிடு போடலாம். அந்தக் காலத்து அனிமே எண்டிங் என்றால் பெரும்பாலும் மெல்லிய பெண் குரல்தான்.

பிபாப் வெற்றிக்குப் பிறகு இதே பாணியில் இன்னும் பத்துத் தொடர் செய்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் அப்படிச் செய்யவில்லை. 2001-இல் கவமோரியின் அர்ஜுனா, பெயர் நம் மகாபாரதத்து அர்ஜுனன் பெயரேதான், சுற்றுச்சூழல் பற்றிய கதை, கதை சில இடங்களில் பிரசங்கம் ஆகிவிடுகிறது, இசை தனியாகக் கேட்க அருமை. 2002-இல் கோஸ்ட் இன் த ஷெல் டிவி தொடர், இயக்கம் கென்ஜி கமியாமா. இது கொஞ்சம் தர்மசங்கடமான வேலை. 1995 படத்துக்கு கென்ஜி கவாய் போட்ட இசை, பழைய ஜப்பானிய மொழியில் நாட்டுப்பாடல் பாடும் பெண்கள் சேர்ந்து பாடிய அந்தக் கோரஸ், உலகம் முழுக்கப் பிரபலம். அதைத் தொட்டால் நகல் என்பார்கள், தொடாவிட்டால் இது கோஸ்ட் இன் த ஷெல்லே இல்லை என்பார்கள். கன்னோ அந்தப் பக்கமே போகாமல், ஜப்பானில் வாழ்ந்த ரஷ்யப் பாடகி ஒரிகாவைக் கூப்பிட்டார். இன்னர் யூனிவர்ஸ் பாட்டில் லத்தீன் போலத் தொனிக்கும் தொடக்கம், பிறகு ரஷ்ய மொழி, நடுவே ஆங்கிலம், அடியில் எலெக்ட்ரானிக் தாளம். ஒரிகா 2015-இல் மறைந்துவிட்டார். அந்தப் பாட்டை வேறு யார் பாடிக் கேட்டாலும் ஏதோ குறைகிறது.

2008-இல் மக்ராஸ் ஃபிராண்டியர். இதில் இரண்டு பாடகிகள் கதாபாத்திரங்களாகவே வருகிறார்கள்: ஷெரில் பாட்டுகளை மேய்ன் பாட, ராங்காவாக மெகுமி நகாஜிமா. கதையில் ராங்கா பெரிய ஆளாவதற்கு முன்னால் சின்னச் சின்ன விளம்பரங்களில் பாட வேண்டியிருக்கிறது. ஒரு சீன உணவுக்கடைக்கு, அப்புறம் காரட்டுக்கு! அந்தக் கற்பனை விளம்பரங்களுக்கு கன்னோ போட்டிருக்கும் ஜிங்கிள்கள் அசல் விளம்பரங்களை விட நன்றாக ஒட்டிக்கொள்ளும், காரட் பாட்டு ஒரு வாரம் என் மண்டையை விட்டுப் போகவில்லை. இருபது வருடம் விளம்பரத்துக்கு உழைத்தவர், விளம்பரத்துக்கு உழைக்கும் ஒரு பெண்ணுக்கு எழுதுகிறார், அந்தக் குறும்பு கேட்கும்போதே தெரியும்.

2012-இல் வாதனாபேயோடு மறுபடி, கிட்ஸ் ஆன் த ஸ்லோப். 1966-இல் ஜப்பானின் தெற்கே கியூஷு தீவில் நடக்கும் கதை, பள்ளிப் பையன்கள் ஜாஸ் வாசிப்பது. இங்கே இசை முன்னால், படம் பின்னால் என்பது வேறு வழியே இல்லாத கட்டாயம். பியானோவுக்கு தகாஷி மத்சுனாகா, டிரம்ஸுக்கு ஷுன் இஷிவாகா, அப்போது இருபது வயதை ஒட்டிய பையன். இருவரும் வாசிப்பதைப் பல கேமரா வைத்து எடுத்து, அதைப் பார்த்து விரல் விரலாக வரைந்தார்கள். ஏழாவது எபிசோடில் பள்ளி விழாவில் மின்சாரம் போய்விடும், கூட்டம் கலையத் தொடங்கும், பையன் பியானோவில் உட்கார்ந்து தனியாகத் தொடங்குவான், டிரம்ஸ்காரன் வந்து சேர்ந்துகொள்வான். விரல் விழும் கட்டையும் கேட்கும் ஸ்வரமும் பொருந்துகிறதா என்று பியானோ தெரிந்தவர்கள் நிறுத்தி நிறுத்திப் பார்க்கலாம். 2014-இல் ஸன்கியோ நோ டெரர், அதற்கு ஐஸ்லாந்து போய்ப் பதிவு செய்தார்கள். டோக்கியோவில் குண்டு வைக்கும் இரண்டு சிறுவர்களின் கதைக்கு ஐஸ்லாந்து மொழிப் பாட்டு. கேட்டால் பொருந்தும், ஏன் என்று கேட்டால் எனக்கு விளக்கத் தெரியாது.

அனிமேக்கு வெளியே நடந்தவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 2011 மார்ச் 11 நிலநடுக்கமும் சுனாமியும் தாக்கியதில் அவருடைய மியாகியும் ஒன்று. அடுத்த வருடம் ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்.எச்.கே.வுக்காக ‘பூக்கள் மலரும்’ என்ற பொருளில் ஒரு பாட்டு, வரிகள் எழுதியது சினிமா இயக்குநர் ஷுன்ஜி இவாய், அவரும் மியாகிக்காரர்தான். ஜப்பானில் பள்ளிக் கோரஸ்களில் இன்றும் பாடுகிறார்கள். இயக்குநர் கொரேடாவின் 2015 படம் அவர் லிட்டில் சிஸ்டருக்கு இசை. 2017-இல் என்.எச்.கே. சரித்திரத் தொடருக்கு, அதன் தொடக்க இசையில் பியானோ வாசித்தது சீனக் கலைஞர் லாங் லாங். 2019 நவம்பர் 9 அன்று புதிய சக்கரவர்த்தி பட்டமேற்றதைக் கொண்டாட அரண்மனைக்கு முன்னால் நடந்த விழாவில் அராஷி என்ற பாப் குழு பாடியது இவர் இசையமைத்தது. கம்ப்யூட்டர் விளையாட்டில் பீப் ஒலியில் தொடங்கியவர் சக்கரவர்த்தி எதிரில் போய் நின்றார். 2021-இல் பிபாப்பை நடிகர்களை வைத்து மறுபடி எடுத்தபோதும் இசைக்கு அவரையே கூப்பிட்டார்கள். அந்தத் தொடர் ஒரே சீசனில் நின்றுவிட்டது, இசையை மட்டும் யாரும் குறை சொல்லவில்லை.

எல்லோரும் இப்படித்தான் வருகிறார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். இன்னொரு இசையமைப்பாளர் ஜோ ஹிசாய்ஷி முறையாக இசைக் கல்லூரியில் படித்தவர், சின்னத் துண்டுகளைத் திரும்பத் திரும்ப அடுக்கும் மினிமல் இசைப் பித்து. அனிமே பட இயக்குநர் மியாசாகியோடு அவர் வேலையும் படத்துக்கு முன்பே தொடங்கியதுதான், ஆனால் அது வேறு வழி: ‘இமேஜ் ஆல்பம்’ என்று படம் முடிவதற்கு முன்னால் கதையின் உணர்வை வைத்து ஒரு முழு ஆல்பம் போடுவது. 1984-இல் நௌசிகா படத்துக்கு முந்தைய வருடம் அப்படி ஒரு ஆல்பம் போட்டதில்தான் அவருக்குப் பட வாய்ப்பே உறுதியானது. கென்ஜி கவாய் அணுசக்திப் பொறியியல் படிக்கப் போய்ப் பாதியில் விட்டவர். வழி ஆளுக்கு ஒன்று. பணத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை: டிவி தொடரின் இசை பட்ஜெட் சின்னது, ஆனால் ஜப்பானின் இசை உரிமைச் சங்கமான ஜாஸ்ராக் வழியாக வரும் ராயல்டி நீண்டகாலம் வரும். வெளிநாட்டிலிருந்து அதிக வருவாய் ஈட்டிய இசைக்கு அந்தச் சங்கம் கொடுக்கும் விருது பல தடவை அனிமே பின்னணி இசைக்குத்தான் போயிருக்கிறது. பாப் பாட்டுக்குப் போயிருக்கும் என்றுதான் நானும் முதலில் நினைத்தேன்.

சரி, கேப்ரியேலா ராபின்.

பல வருடம் கன்னோவின் ஆல்பங்களில் இந்தப் பெயர் வந்துகொண்டே இருந்தது. சில இடத்தில் பாடலாசிரியர், சில இடத்தில் பாடகி. பிபாப்பில் கேட்ஸ் ஆன் மார்ஸ் என்ற பாட்டு, டர்ன் ஏ கண்டத்தில் மூன் என்ற பாட்டு. வரிகள் சில சமயம் எந்த மொழியிலும் இருக்காது, பிரெஞ்சு மாதிரி ஒலிக்கும், இத்தாலி மாதிரி ஒலிக்கும், அகராதியை எடுத்தால் ஒன்றும் கிடைக்காது. குரலில் பாடகிக்குரிய பயிற்சி இருக்காது, காதருகில் வந்து சொல்வது போல இருக்கும். போட்டோ இல்லை, பேட்டி இல்லை, வேறு யாருடைய ஆல்பத்திலும் ஆள் இல்லை. விசிறிகள் வருடக்கணக்காகச் சந்தேகப்பட்டுக்கொண்டுதான் இருந்தார்கள்.

2009 ஜூலை 7, ஜப்பானில் தனபாடா திருவிழா நாள். சைதாமா சூப்பர் அரீனாவில் கன்னோவின் பெரிய கச்சேரி, வார்ஸா பில்ஹார்மோனிக் வந்திருந்தது, மாயா சகமோட்டோ, ஒரிகா, மாய் யமானே, ஸ்டீவ் கான்டி, மேய்ன் எல்லோரும் மேடையில் வந்துபோனார்கள். கேப்ரியேலா ராபினின் முறை வந்தபோது மைக் முன்னால் வந்து பாடியது கன்னோ.